பலாமரக் கதவு

தவராசா நல்லவன் என்று யாராவது சொன்னால் எனக்கு வயிறு எரியும். கெட்டவன் என்று ஒருத்தராவது சொல்ல மாட்டார்களா என்று காத்திருந்து பார்த்துவிட்டேன். இந்தக் கள்ளக்குறிச்சியில் அப்படி ஒரு வாய் இல்லை. சங்கராபுரம் ரோட்டில் என் கடைக்கும் அவன் கடைக்கும் நடுவே ஒரு சைக்கிள் கடை, ஒரு உரக்கடை. அவன் கடைக்கு எதிரில் குமாரின் டீக்கடை. அவ்வளவுதான் இடைவெளி. அது எனக்குப் போதவில்லை.

என் பெயர் வெங்கடேசன். மரச்சிற்பி. அப்பா அரங்கநாத ஆசாரி, அவருடைய அப்பா, அவருக்கும் அப்பா, எல்லோரும் சாமி செய்தவர்கள். யாளி வேண்டுமா, குதிரை வாகனம் வேண்டுமா, ஆளுயரப் பிள்ளையார் வேண்டுமா, எங்கள் வீட்டுக்குத்தான் வருவார்கள். தவராசா நாற்காலி செய்கிறவன். நாற்காலி, கட்டில், டீப்பாய், உளுந்தூர்பேட்டை ஹோட்டல்களுக்குப் பெஞ்சு. கும்பிடுகிற சாமானும் உட்காருகிற சாமானும் ஒன்றா? ஊர் ஒன்று என்றது. இரண்டு பேரையும் மரவேலைக்காரர்கள் என்றது. கொஞ்ச நாள் கழித்து அவனை மட்டும் மாஸ்டர் என்றது.

அவன் யாழ்ப்பாணத்துக்காரன். தொண்ணூறாம் வருஷம் சண்டையில் அவனுடைய மாமாவின் பட்டறை எரிந்துபோய், படகேறி ராமேஸ்வரத்தில் இறங்கியபோது இருபது வயதாம். கையில் மாமாவின் உளிப்பை மட்டும். சின்னசேலம் பக்கத்து அகதி முகாமில் கொண்டுவந்து விட்டார்கள். அங்கே பிள்ளை பெற்றிருந்த ஒரு பெண் சாய்ந்து உட்கார இடமில்லை என்று, ஆப்பிள் பெட்டிப் பலகையைப் பிரித்து ஒரு நாற்காலி செய்தானாம். இந்தக் கதை ஊரில் எல்லோருக்கும் தெரியும். டீக்கடைக் குமார் அதைச் சொல்லும்போது கண் கலங்குவான். என் வீட்டிலும் நான்கு தலைமுறைக் கதை இருக்கிறது, அதைக் கேட்டு யாரும் இதுவரை மூக்கைக்கூட உறிஞ்சியதில்லை.

முப்பத்தைந்து வருஷமாகியும் அவனுக்கு ஊர் முகாம்தான். ஆள் கணக்கெடுக்கிற நாளில் கடையைச் சாத்திவிட்டு அங்கே போய் வரிசையில் நிற்க வேண்டும். கடை வாடகைச் சீட்டுகூட உரக்கடைக்காரர் பெயரில்தான். சொந்தமாக ஒரு சுவர் இல்லாதவன் என்று நான் அடிக்கடி எனக்குள் சொல்லிக்கொள்வேன். ஒரு நிமிஷம் வயிறு குளிரும். பிறகு அவன் கடையில் சிரிப்புச் சத்தம் கேட்கும்.

கருணாபுரத்தில் சாராயம் பல வீடுகளைக் காலி செய்த அந்த வருஷம், அங்கிருந்து சில பெண்கள் வேலை கேட்டு ரோடு முழுக்க ஏறி இறங்கினார்கள். என் கடைக்கும் வந்தார்கள். பொம்பளைங்களுக்கு இங்கே வேலையில்லை என்றேன். அவன் கடையிலும் வேலையில்லைதான். ஆனால் அவன், வேலை இல்லை, வேணுமெண்டால் சொல்லித் தாறன் என்றிருக்கிறான். மாடியில் வகுப்பு ஆரம்பித்தது. முதலில் பூவும் கொடியும், பிறகு மயில், அதற்குப் பிறகு சாமியே செதுக்க ஆரம்பித்துவிட்டார்கள். நாற்காலிக்காரன் மாடியில் சாமி.

இதெல்லாம்கூடப் பொறுத்துக்கொண்டிருப்பேன். என் மனைவியும் அங்கே போக ஆரம்பித்ததைத்தான் பொறுக்க முடியவில்லை.

எழில்மதிக்கு நாற்பத்திரண்டு வயது. மகள் தனுஷா சேலத்தில் ஹாஸ்டலில் தங்கிப் படிக்கப் போன பிறகு வீட்டில் நாங்கள் இரண்டு பேர்தான். கல்யாணமான மறுமாதத்திலிருந்து என் சிற்பங்களுக்கு உப்புத்தாள் போடுவது அவள் வேலை. நான் செதுக்கி வைத்ததை முரடு தாளில் ஒரு முறை, நைசுத் தாளில் இரண்டு முறை தேய்த்து, உள்ளங்கையால் தடவிப் பார்த்து, சரி என்று தலையை ஆட்டினால்தான் எண்ணெய் வைப்போம். ஒரு நாள் சோறு போட்டுக்கொண்டே சொன்னாள்.

"நான் செதுக்கக் கத்துக்கப் போறேங்க."

"எங்க?"

"மாஸ்டர்கிட்டதான்."

"வூட்லயே ஒரு சிற்பி இருக்கசொல்ல நாற்காலிக்காரன்கிட்ட இன்னாத்த கத்துக்கப் போற?"

"இருவது வருஷத்துக்கு மேல ஆவுது. ஒரு நாளாவது உளியக் கையில குடுத்தீங்களா?"

பெண்கள் கை சாமி மேல் படலாம், உளி படக் கூடாது என்பது அப்பா வைத்த சட்டம். அது ஏன் என்று நான் கேட்டதில்லை. நல்ல வேளை, அவளும் கேட்கவில்லை. ரசத்தை ஊற்றிவிட்டுப் போனாள்.

அதற்குப் பிறகு வீட்டில் மூன்றாவது ஆள் ஒருத்தன் குடியேறினான். மாஸ்டர் இப்படிச் சொன்னாரு, மாஸ்டர் அப்படிச் சொன்னாரு. உளியைத் தீட்டும்போது மூச்சை இழுத்துப் பிடிக்கக் கூடாதாம். மரம் பிடிவாதம் பிடித்தால் மறுநாள் வரைக்கும் அதைத் தொடக் கூடாதாம். ஒரு நாள் நான் முடித்து வைத்திருந்த முருகன் முகத்தைப் பார்த்து, "வடிவா இருக்குது" என்றாள். அவள் பிறந்தது தியாகதுருகம். அந்த ஊரில் யார் வடிவா என்று பேசுகிறார்கள்? அவனுடைய சொல் என் வீட்டுக்குள் வந்து, என் முருகனைப் பாராட்டிவிட்டுப் போகிறது.

குமார் கடையில் உட்கார்ந்தால் தவராசாவின் மாடி ஜன்னல் தெரியும். உட்கார்ந்தேன். ஒரு டீயை முக்கால் மணி நேரம் குடித்தேன்.

"ஆறிப் போயிடுச்சிண்ணே, வேற போடவா?" என்று குமார் இரண்டு முறை கேட்டான்.

"ஆறினாத்தான் எனக்குப் புடிக்கும்," என்றேன்.

தப்பாக ஏதாவது கண்ணில் படும் என்றுதான் பார்த்தேன், மறைப்பானேன். பட்டால் எனக்கு நிம்மதியாக இருந்திருக்கும். அவன் யார் கையையும் தொடவில்லை. மேசைக்கு அந்தப் பக்கம் நின்று, தன் கட்டையில் தான் செதுக்கிக் காட்டுவான், இவர்கள் பார்த்துச் செய்வார்கள். ஆனால் ஒன்று கண்ணில் பட்டது. அங்கே ஒவ்வொரு பெண்ணுக்கும் ஒரு நாற்காலி. ஒன்று போல் ஒன்று இல்லை. ஒன்று உயரம், ஒன்று குட்டை, ஒன்றுக்கு முதுகு சாய்ப்பு. எழில்மதியின் நாற்காலி கொஞ்சம் தாழ்வாக, காலை வைத்துக்கொள்ளக் குறுக்குச் சட்டத்தோடு இருந்தது. அதில் அவள் உட்கார்ந்திருந்த தோரணையை நான் என் வீட்டில் பார்த்ததே இல்லை. அவளுக்கு இடுப்பு வலி உண்டு என்பது எனக்குத் தெரியும். அந்த வலிக்கு எத்தனை அங்குலத்தில் நாற்காலி வேண்டும் என்பது எனக்குத் தெரியாது.

"நாற்காலிக்கு அளவு எடுத்தானா?" என்று அன்றைக்கு மாலை கேட்டேன்.

"செங்கல்ல ஒண்ணு மேல ஒண்ணா அடுக்கி உக்கார வெச்சாரு. எதுல கால் மரத்துப் போவலன்னு கேட்டாரு. அத்தினி செங்கல் உசரத்துக்குச் செஞ்சாரு. ஏங்க?"

"சும்மாதான்."

என் வீட்டில் இரும்பு நாற்காலி இரண்டு இருக்கிறது. பிளாஸ்டிக் ஒன்று. சிற்பக்கூடத்தில் ஒன்றுகூட இல்லை. சாமிகள் நிற்கிற இடத்தில் மனுஷனுக்கு என்ன நாற்காலி என்று அப்பா சொல்வார். அந்தச் சட்டத்தையும் நான் மாற்றவில்லை. அதற்கும் சேர்த்துத்தான் அடுத்ததாக அடி விழுந்தது.

கல்வராயன் மலையில், வெள்ளிமலைக்கு அப்பால் ஒரு சின்ன ஊர். அங்கிருக்கிற அம்மன் கோயில் கதவு என் அப்பா செய்தது. வேங்கை மரம். நான் சின்னப் பையனாக அவரோடு மலையேறிப் போய் அதை மாட்டியதைப் பார்த்திருக்கிறேன். அந்தக் கதவைக் கரையான் தின்றுவிட்டது. ஊர்ப் பெரியவர் செல்லனும் அவர் மனைவி வெள்ளச்சியும் இறங்கி வந்தார்கள். போன வருஷக் கார்த்திகைப் புயலில் கோயில் பக்கத்துப் பலாமரம் சாய்ந்துவிட்டது, ஒரு வருஷமாகக் காயப் போட்டிருக்கிறோம், அதிலேயே புதுக் கதவு செய்ய வேண்டும் என்றார் செல்லன். நான் பிள்ளையாரின் தொந்தியில் வேலையாக இருந்தேன். தலையை நிமிர்த்தாமல், ஆறு மாதம் ஆகும் என்றேன். வெள்ளச்சி முழங்காலைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள். பிறகு வாசல்படியில் சாய்ந்தாள். பிறகு தண்ணீர் கேட்டாள். எழில்மதி வகுப்புக்குப் போயிருந்தாள், நானே போய்ச் சொம்பில் கொண்டுவந்து கொடுத்தேன். குடித்துவிட்டுச் சொல்லிக்கொள்ளாமல் போனார்கள்.

போனவர்கள் தவராசா கடையில் ஏறினார்கள். வெள்ளச்சி அங்கே ஒரு நாற்காலியில் உட்கார்ந்தாள். ஒரு மணி நேரம் எழுந்திருக்கவில்லை. மறுநாள் குமார் எனக்கு டீ கொடுக்கும்போது, மலைக்காரங்க கதவு வேலை மாஸ்டர் கடைக்குப் போய்விட்டது என்றான்.

என் அப்பா செய்த கதவு. அவர் அதை மாட்டிய நிலைவாசலில், முகாம்காரன் செய்த கதவு தொங்கப் போகிறது. இதை நினைத்தபோது எனக்கு வந்தது கோபம் என்றுதான் அப்போது நினைத்தேன். இப்போது அதற்குச் சரியான பெயர் தெரியும்.

இங்கே எங்கள் தொழிலைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். மரம் நிற்கும்போது எது அடியோ அதுதான் தூணிலும் நிலையிலும் கதவிலும் கீழே வர வேண்டும். நுனி மேலே. மாற்றி நிறுத்தினால் அந்த வீடு தழைக்காது என்பார்கள். கோயிலில் அப்படி நிறுத்தினால் செய்தவன் பெயரை மூன்று தலைமுறைக்கு யாரும் சொல்ல மாட்டார்கள். அதனால் மரம் அறுக்கும்போதே அடிப்பக்கம் காவிக்கட்டியால் குறி போட்டுவிடுவார்கள். மர மில்காரன் பெருக்கல் குறி போடுவான். எங்கள் வீட்டில் ஒரு கோடும் பக்கத்தில் ஒரு புள்ளியும். கணு இருந்தால் கிளை சாய்ந்த வாட்டத்தை வைத்துக் குறியில்லாமலும் அடி எது என்று கண்டுபிடிக்கலாம். கணு இல்லாத சுத்தமான பலகை என்றால் குறிதான் கதி.

மாசி மாதம் கதவு ஏற்றுவதாகப் பேச்சு. அதற்கு இரண்டு மாதம் முன்னால், மார்கழியில் ஒரு நாள் மத்தியானம் வாகைக் கட்டை பார்க்க மில்லுக்குப் போனேன். மில் வைத்திருக்கும் சுபாஷ் சாப்பிடப் போயிருந்தான். ஓரமாகப் பலாப் பலகை இரண்டு சாய்த்து வைத்திருந்தது. மஞ்சள் என்றால் மஞ்சள், கணு ஒன்றுகூட இல்லை. மேலே 'மாஸ்டர்' என்று சாக்பீஸில் எழுதியிருந்தது. இரண்டின் அடியிலும் பெருக்கல் குறி.

நாற்காலிக் காலில் எவன் அடி நுனி பார்க்கிறான்? குறி எங்கே இருக்கிறதோ அதைக் கீழே வைத்துச் செதுக்குவான். கதவு ஏற்றுகிற அன்றைக்கு ஊர் முன்னால் நின்று நான் சொல்வேன். இவ்வளவும் ஒரு பீடி பிடிக்கிற நேரத்தில் யோசித்து முடித்தேன். இடுப்பில் இருந்த சுரண்டுத் தகட்டை எடுத்தேன். இரண்டு பெருக்கலையும் சுரண்டினேன். காவிக்கட்டி ஜன்னலில் இருந்தது. எதிர் முனைகளில் போட்டேன், ஒரு கோடு, ஒரு புள்ளி. இன்னொரு கோடு, இன்னொரு புள்ளி. கையைத் துடைத்துக்கொண்டு வெளியே வந்தபோது மனசு லேசாக இருந்தது. குமார் கடையில் அன்றைக்கு டீயைச் சூடாகக் குடித்தேன்.

அந்த இரண்டு மாதம் எழில்மதி ஒரு மாதிரி இருந்தாள். காலையில் வீட்டு வேலை முடித்ததும் போனால் விளக்கு வைக்கிற நேரத்துக்குத்தான் வருவாள். உள்ளங்கை காய்த்துப் போயிருந்தது. கட்டைவிரலில் இரண்டு முறை துணி சுற்றிக்கொண்டு வந்தாள். என்ன செதுக்குகிறாய் என்று நான் கேட்கவில்லை. கேட்டால் கௌரவம் போய்விடும். ஒரே ஒரு நாள் அவளாகவே என் எதிரில் வந்து உட்கார்ந்தாள்.

"என்கிட்ட எதுனா சொல்லணுமாங்க?" என்றாள்.

"இன்னாத்த சொல்லணும்?"

"இல்ல, கேட்டேன்."

"ஒண்ணுமில்ல."

என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள்தான் என்னிடம் எதையோ மறைக்கிறாள், அதனால்தான் இப்படிப் பார்க்கிறாள் என்று நினைத்தேன். எனக்குள் என்னென்னவோ ஓடியது. எல்லாமே அசிங்கமானவை, இங்கே எழுதவில்லை.

மாசியில் செல்லன் வெற்றிலை பாக்கோடு வந்து என்னை அழைத்தார். மலையில் ஒரு முறை உண்டு. பழைய கதவைச் செய்தவன் வீட்டு ஆள் வந்து தன் கையால் கழற்றிக் கொடுத்தால்தான் புதுக் கதவை ஏற்றலாம். இதை நான் முன்பே கணக்குப் போட்டிருந்தேன். என் காரியத்துக்கு அவர்களே மேடை போட்டுக் கொடுக்கிறார்கள். வருகிறேன் என்றேன்.

எழில்மதி விடிந்ததும் வகுப்புப் பெண்களோடு கதவு ஏற்றிய டெம்போவில் போய்விட்டாள். நான் பஸ்ஸில் போனேன். வளைவுக்கு வளைவு ஒரு வாக்கியம் மனசில் தயார் செய்துகொண்டேன். வெள்ளிமலையில் இறங்கி ஷேர் ஆட்டோ பிடித்து நான் போய்ச் சேர்ந்தபோது ஊர் கூடியிருந்தது. சாமைச் சோறு வெந்துகொண்டிருந்தது. வெள்ளச்சி ஒரு புது நாற்காலியில் உட்கார்ந்திருந்தாள், யார் செய்தது என்று கேட்க வேண்டியதில்லை. புதுக் கதவின் இரண்டு பலகையும் நிலைக்குப் பக்கத்தில் மஞ்சள் துணி போர்த்திச் சாய்ந்திருந்தன.

அப்பாவின் கதவைக் கழற்றினேன். கீல் துருப்பிடித்து, உள்ளே கரையான் மண். கையில் எடுத்தபோது எடையே இல்லை. செல்லனிடம் கொடுத்தேன். அவர் வாங்கிக் கும்பிட்டு ஓரமாக வைத்தார். நான்கு பேர் புதுக் கதவைத் துணியோடு தூக்கி நிலையில் மாட்டினார்கள். பிறகு துணியை எடுத்தார்கள்.

நான் சொல்ல வந்த வாக்கியம் எல்லாம் மறந்துபோனது.

இரண்டு கதவும் சேர்ந்து ஒரு பலாமரம். பாதி மரம் இந்தக் கதவில், பாதி அந்தக் கதவில். வேர் கீழே விரிந்து, அதன் நடுவில் அம்மன் உட்கார்ந்திருந்தாள். அடிமரத்திலேயே பழங்கள் காய்த்துத் தொங்கின. ஒவ்வொரு முள்ளும் தனித்தனியாக. அம்மன் உட்கார்ந்திருந்த விதம் எனக்குத் தெரிந்த அம்மன் எதிலும் இல்லாத விதம். இடுப்பு வலி இல்லாத ஒருத்தி உட்காருகிற மாதிரி, காலைச் சௌகரியமாக ஊன்றிக்கொண்டு. இந்த வேலை என் கையில் வராது. இதை யாரிடமும் சொன்னதில்லை, இங்கே சொல்கிறேன்.

பக்கத்தில் தவராசா நின்றிருந்தான். வெள்ளை வேட்டி, நரைத்த மீசை. அவனைப் பார்த்து, "நல்லா செஞ்சிருக்கீங்க," என்றேன். அந்த ஒரு வார்த்தையைச் சொல்ல எவ்வளவு கஷ்டப்பட்டேன் என்று அவனுக்குத் தெரிந்திருக்காது.

"நான் செய்யேல்ல, தம்பி," என்றான். "நான் கதவு செய்யிறதில்லை. சொந்தமா ஒரு வீட்டு வாசல் இல்லாதவன் இன்னொருத்தருக்குக் கதவு செய்யக்கூடாதெண்டு மாமா சொல்லுவார். முப்பத்தஞ்சு வருசமா கதிரையும் கட்டிலும்தான். இவையளையும் முதல்ல திரும்பவும் உங்களிட்டத்தான் போகச் சொன்னனான். அவையள் ஏலாதெண்டிட்டினம். அப்ப, அந்த வீட்டு ஆள் ஒருத்தர் என்னட்டப் படிக்கிறா, அவவிட்டக் குடுங்கோ எண்டு சொன்னன்."

நான் புரிந்துகொள்வதற்குள் செல்லன் நிலைக்கு முன்னால் வந்து நின்றார். செய்தவர் முன்னால் வந்து தன் பெயரையும் வீட்டையும் சொல்ல வேண்டும், பிறகு கதவை முதலில் திறக்க வேண்டும்.

"கதவு செஞ்சது யாரு? எந்த வூடு?"

எழில்மதி கூட்டத்திலிருந்து வந்தாள். புடவைத் தலைப்பை இழுத்துச் செருகிக்கொண்டாள்.

"எழில்மதி," என்றாள். "அரங்கநாத ஆசாரி வூடு."

என் அப்பா பெயர். என் வீட்டுப் பெயர். நான் குறி மாற்றிப் போட்டது என் வீட்டுக் கதவில். அந்த அம்மன் தலைகீழான மரத்தில் உட்கார்ந்திருக்கிறாள், அவளை அங்கே உட்கார வைத்தது என் கை. எழில்மதி கதவைத் தள்ளக் கை நீட்டினாள்.

"அடி மேல இருக்குது," என்றேன்.

எல்லோரும் திரும்பினார்கள்.

"இன்னா சொல்ற ஆசாரி?" என்றார் செல்லன்.

"மரம் தலைகீழா நிக்குது. அத்தத் தொறக்காதீங்க. மில்லுல இருக்கசொல்ல குறிய மாத்திப் போட்டது நான்தான்."

இதை ஏன் சொன்னேன் என்று இன்றைக்கும் யோசிக்கிறேன். அம்மனுக்குப் பயந்துதான் சொன்னேன் என்று சொல்லிக்கொள்ள ஆசை. அப்பா நின்ற வாசலில் ஒரு குற்றம் நிற்கக் கூடாது என்று சொன்னேன் என்றும் சொல்லிக்கொள்ளலாம். ஆனால் அவள் அந்தக் கதவைத் திறக்கப் போன நேரத்தில், அவள் முகத்தில் இருந்த அந்த வெளிச்சத்தைப் பார்த்த நேரத்தில்தான் என் வாய் திறந்தது. ஒரு நிமிஷம் முன்னால் திறக்கவில்லை. அதையும் சொல்லத்தான் வேண்டும்.

எழில்மதி நீட்டிய கையை எடுக்கவில்லை. என் பக்கம் திரும்பாமலேயே பேசினாள்.

"நேராத்தான் நிக்குது."

"எழிலு, நான் சொல்றேன் இல்ல, குறிய..."

"பலகை வந்த அன்னிக்கே தடவிப் பாத்தேன். கீழருந்து மேல போனா கை வழுக்கிக்கினு போவணும். எதுத்துச்சி. இத்தினி வருஷம் உங்க சாமிங்களத் தேய்ச்ச கைங்க இது. மாஸ்டர்கிட்ட சொன்னேன். அவரு பலகைய ஒரு குழா மேல நடுவால வெச்சிப் பாத்தாரு. குறியில்லாத பக்கம் சாஞ்சிது. அடிதான கனம். திருப்பிப் போட்டுத்தான் செதுக்கினேன்."

தவராசா குனிந்து தரையைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"யாரு மாத்தினதுன்னு அவருக்குத் தெரியாது," என்றாள். "மில்லுல தப்பாப் போட்டுட்டாங்கன்னு சொல்லிட்டேன். ஒரு கோடு, ஒரு புள்ளி. மில்லுக்காரங்க யாருங்க அப்பிடிப் போடறாங்க? பாத்ததும் எனக்குத் தெரிஞ்சிபோச்சி. நானே தொடச்சிட்டேன்."

கோபம் வந்தால் நீ என்பாள் என்று காத்திருந்தேன். 'ங்க' போகவே இல்லை.

"ரெண்டு மாசம் பாத்தேன். நீங்களா வந்து சொல்லுவீங்கன்னு. ஒரு நாள் எதுர்ல உக்காந்து கேக்கக்கூடக் கேட்டேன்."

அன்றைக்கு அவள் என் முகத்தை ஏன் அப்படிப் பார்த்தாள் என்பது எனக்கு அப்போதுதான் விளங்கியது. நான் ஒண்ணுமில்ல என்று சொன்னதும் நினைவுக்கு வந்தது.

செல்லன் என்ன செய்வது என்று தெரியாமல் மனைவியைப் பார்த்தார். வெள்ளச்சி நாற்காலியை விட்டு எழுந்திருக்கவில்லை.

"பழைய கதவக் கழட்டிக் குடுத்துட்டாரு இல்ல," என்றாள். "அவரு வேல முடிஞ்சிது. நவுந்து நிக்கச் சொல்லு. பொண்ணு கதவத் தொறக்கட்டும்."

நகர்ந்து நின்றேன். எழில்மதி இரண்டு கைகளாலும் தள்ளினாள். பலாமரம் நடுவில் பிரிந்து வழிவிட்டது. பெண்கள் குலவையிட்டார்கள். அப்பாவின் கரையான் தின்ற கதவுக்குப் பக்கத்தில் நான் நின்றிருந்தேன். சோறு போடும்போது தவராசா என் பக்கத்தில் வந்து இலையைப் போட்டு உட்கார்ந்தான். தொட்டுக்கொள்ளத் துவையல் வேண்டுமா என்று மட்டும் கேட்டான். அவன் திட்டியிருந்தால் நான் பிழைத்திருப்பேன்.

திரும்பும்போதும் அவள் டெம்போவில், நான் பஸ்ஸில்.

மறுநாள் காலையில் சமைத்து வைத்துவிட்டு வகுப்புக்குக் கிளம்பினாள். பட்டறையில் பிள்ளையார் முடிந்து, உப்புத்தாளுக்காகக் காத்திருந்தார்.

"அதுக்குத் தாள் போடணும்," என்றேன்.

"நீங்களே போட்டுக்குங்க," என்றாள். சண்டை போடுகிற குரல் இல்லை. குழம்பில் உப்பு பார்த்துக்குங்க என்று சொல்கிற மாதிரிதான் சொன்னாள். போய்விட்டாள்.

போட்டேன். முரடு தாளில் ஒரு முறை, நைசுத் தாளில் இரண்டு முறை. தோள்பட்டை விட்டுப் போயிற்று. இருபத்து இரண்டு வருஷம் இதை அவள் எப்படிச் செய்தாள் என்று அப்போதும் நினைக்கவில்லை. நினைத்தது வேறு. மூலையில் கிடந்த வாகைப் பலகை ஒன்றை எடுத்து மடியில் வைத்தேன். அதன் அடியில் என் குறி இருந்தது, அதைத் துணியால் மூடினேன். கண்ணை மூடிக்கொண்டு பலகையை இரண்டு மூன்று முறை திருப்பினேன். பிறகு உள்ளங்கையால் இந்தப் பக்கமிருந்து அந்தப் பக்கம் தடவினேன், அந்தப் பக்கமிருந்து இந்தப் பக்கம் தடவினேன்.

தவராசா மேல் எனக்கு இப்போது எரிச்சல் இல்லை. வெளியே அவன் மாடியிலிருந்து சுத்தியல் சத்தம் கேட்டது, அதில் ஒன்று அவளுடையது. மறுபடியும் தடவிப் பார்த்தேன். எது அடி, எது நுனி என்று என் கைக்குத் தெரியவில்லை.